நான்குமால்

அன்புள்ள கயல்,

ஜெர்மனியிலிருந்து நீ அனுப்பிய பார்சல் செவ்வாய்க்கிழமை வந்து சேர்ந்தது. பிஸ்கட் ஒன்றுகூட உடையவில்லை. அம்மா இரண்டு பாக்கெட்டை அரிசி டின்னுக்குப் பின்னால் ஒளித்து வைத்திருக்கிறாள். எனக்குச் சர்க்கரை இருப்பது ஊருக்கே தெரியும், எனக்கு மட்டும்தான் தெரியாதாம். அந்த பிஸ்கட்டின் ஓரத்தில் இருக்கும் பற்களை எண்ணிப் பார்த்தேன், 52. சர்வேயர் புத்தி எங்கே போகும்? நடுவில் ‘லைப்னிஸ்’ என்று அச்சாகியிருந்த எழுத்தைத் தடவியபோது உன்னோடு பாக்கி வைத்திருக்கும் வழக்கு ஒன்று ஞாபகம் வந்தது. போனில் ஆரம்பித்தால் சிரித்தே மழுப்பிவிடுவாய். அதனால்தான் கடிதம்.

போன மே மாதம் நீங்கள் வந்திருந்தபோது நடந்தது. திண்ணையில் உட்கார்ந்துகொண்டு பேரனிடம், “கண்ணு, மேற்கால இருக்குற செம்ப எடுத்துட்டு வா” என்றேன். பிள்ளை பேந்தப் பேந்த விழித்தான். “லெஃப்ட்டா, ரைட்டா தாத்தா?” என்றான். “யாரோட லெஃப்ட்டு? உன்னோடதா, என்னோடதா, செம்போடதா?” என்று நான் கேட்டது தப்பாய்ப் போயிற்று. நீ உள்ளேயிருந்து, “அப்பா, அஞ்சு வயசுப் புள்ளகிட்ட சர்வே ஆபீஸ் நடத்தாதீங்க. லொகேஷன் போட்டா போனே கூட்டிட்டுப் போவுது. கிழக்கு மேற்கெல்லாம் இப்ப யாருக்கு வேணும்?” என்றாய். அன்றைக்குப் பதில் சொல்ல வாய் வரவில்லை. இப்போது சொல்கிறேன்.

வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு புலத்தை அளக்கப் போனேன். நிலம் அளக்கும் சங்கிலியான செயினைத் தரையில் நேராக இழுத்துப் போட்டு, அதிலிருந்து ஒவ்வொரு வரப்பு வளைவுக்கும் ஆஃப்செட், அதாவது பக்கவாட்டுத் தூரம், எடுத்து, இடதா வலதா என்று புத்தகத்தில் குறிக்க வேண்டும். மத்தியானம் சாப்பிட்டுவிட்டு வந்தவன், கோட்டின் மறுமுனையிலிருந்து அளக்க ஆரம்பித்துவிட்டேன். கை பழையபடியே இடது, வலது என்று எழுதிக்கொண்டு போகிறது. சாயங்காலம் படம் போட்டால் ஒரு கிணறு பக்கத்துக்காரர் வயலுக்குள் போய் உட்கார்ந்திருக்கிறது! அளவெல்லாம் திருப்பித் திருப்பிச் சரிபார்த்தேன். செயினில் ஒரு கண்ணி, ஒரு லிங்க்கூட பிசகவில்லை. மறுநாள் கிணற்றுக்காரரே வந்து படத்தையும் என்னையும் மாறி மாறிப் பார்த்துவிட்டுச் சொன்னார்: “தம்பி, கெணறு எங்கயும் போவல. நீதான் திரும்பி நிக்கிற.”

அவர் கைநாட்டு. நான் ஓய்வுபெற்ற பிறகு, நீ வாங்கிக் கொடுத்த தத்துவப் புத்தகத்தைப் படித்தபோது ஜெர்மன் தத்துவவாதி கான்ட் 1768-இல் எழுதிய கட்டுரை ஒன்றைப் பற்றி வந்தது. இடக்கைக்கும் வலக்கைக்கும் நீளம், அகலம், விரல், இடுக்கு எல்லாம் ஒன்றுதான். ஆனாலும் இடக்கை உறை வலக்கைக்கு ஏறாது. உறுப்புகளின் அளவிலும் அவை ஒன்றுக்கொன்று இருக்கும் தூரத்திலும் அடங்காத ஏதோ ஒன்று இடத்தில் இருக்கிறது என்கிறார். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அளவு அத்தனையும் சரி, கிணறு மட்டும் அடுத்தவன் வயலில்! 1786-இல் அவரே இன்னொரு கட்டுரை எழுதியிருக்கிறார், சிந்தனையில் திசை காண்பது எப்படி என்று. பழகின அறைதான், ஆனால் கும்மிருட்டு. ஒரு சாமானைத் தொட்டுவிட்டால் போதும், மற்றதைக் கண்டுபிடித்துவிடலாம். ஆனால் அதற்கும் எது இடம் எது வலம் என்ற உணர்ச்சி உடம்பில் இருக்க வேண்டும். கண்ணுக்குத் தெரியாத விஷயங்களை யோசிக்கும்போதும் புத்தி இப்படித்தான் துழாவிப் போகிறது என்கிறார். அந்த ‘திசை காண்பது’ என்பதற்கு ஜெர்மன் வார்த்தை ஓரியன்டீரன். கிழக்கைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது. கிழக்கு யாருக்கு வேணும் என்று கேட்டாயே, நீ தினம் பேசும் பாஷையிலேயே ஒளிந்திருக்கிறது.

சரி, பிஸ்கட்டுக்காரருக்கு வருகிறேன். பிஸ்கட்டை அவர் சுடவில்லை, உங்கள் ஊர்க் கம்பெனி 1891-இல் அவர் பெயரை வைத்துக்கொண்டது, அவ்வளவுதான். லைப்னிஸ் ஒரு தத்துவவாதி, உன் ஹனோவரிலேயே வாழ்ந்து 1716-இல் செத்துப்போனவர். கடைசி ஒரு வருஷம் நியூட்டனின் ஆளான கிளார்க் என்ற பாதிரியாரோடு கடிதத்தில் மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். நியூட்டன் கட்சி என்ன? உலகத்தில் ஒரு துரும்புகூட இல்லாவிட்டாலும் இடம் என்று ஒன்று தானாக இருக்கும், காலிப் பெட்டி மாதிரி. சாமான்களை அதற்குள் வைத்திருக்கிறது, அவ்வளவே. லைப்னிஸ், பெட்டியே கிடையாது என்றார். பொருள்கள் ஒன்றுக்கொன்று எப்படி அமைந்திருக்கின்றனவோ அந்த ஒழுங்குக்குப் பெயர்தான் இடம். பெட்டி தனியாக இருக்கிறது என்றால், உலகம் மொத்தத்தையும் கிழக்கை மேற்காக மாற்றிக் கடவுள் வைத்திருக்கலாமே, ஏன் வைக்கவில்லை என்று அவர் கேட்டார். மாற்றி வைத்தாலும் யாருக்கும் ஒரு வித்தியாசமும் தெரியாது. தெரியாத வித்தியாசம் வித்தியாசமே இல்லை என்பது அவர் வாதம்.

இதைப் படித்ததும் எனக்குப் பழைய பத்திரங்கள்தான் கண்முன் வந்தன. நம் நிலப் பத்திரத்தில் சொத்து விவரத்துக்குக் கீழே நான்குமால், அதாவது நாலு பக்க எல்லை, எழுதுவார்கள், பார்த்திருப்பாய். ‘இன்னார் நஞ்சைக்கு மேற்கு, பொது வாய்க்காலுக்கு வடக்கு, கோயில் நிலத்துக்குக் கிழக்கு, வண்டிப்பாதைக்குத் தெற்கு, இதன் மத்தியில்...’ என்று போகும். என் நிலம் எங்கே இருக்கிறது என்பதை என் நிலத்தைக் கொண்டு சொல்ல முடியாது. நாலு பக்கமும் யார் இருக்கிறார்கள் என்று சொல்லிவிட்டால், நடுவில் மிச்சம் இருப்பது நான். லைப்னிஸ் கட்சியை நம் பத்திர எழுத்தர்கள் யாரும் சொல்லித்தராமலே எழுதி வந்திருக்கிறார்கள். இதன் கோளாறும் எனக்குத் தெரியும். பக்கத்து நிலம் நாலு கை மாறிவிட்டால் ‘இன்னார்’ யார் என்று தேடி அலைய வேண்டும். வாய்க்கால் தூர்ந்துபோனால் எல்லையும் போயிற்று.

நியூட்டன் கட்சி நம் பக்கம் வந்தது 1802-இல். லாம்டன் என்ற ராணுவ அதிகாரி பரங்கிமலைப் பக்கம் எல்லா அளவுக்கும் ஆதாரமான அடிக்கோட்டை அளந்து ஆரம்பித்த பெரிய முக்கோண அளவை அது. யார் வயல் யாருக்கு மேற்கு என்று கேட்கவே வேண்டாம். கோபுரத்தின் மேலும் குன்றின் மேலும் ஏறி நின்று, கோணம் பிடித்து, பூமியின் மேல் புள்ளி குத்திக்கொண்டே போனார்கள். கோணம் அளக்கும், அரை டன் கனமுள்ள தியோடலைட் கருவியை 1808-இல் தஞ்சைப் பெரிய கோயிலில் கயிறு கட்டி ஏற்றும்போது கயிறு அறுந்து, சுவரில் மோதி நசுங்கியது. லாம்டனே அதைத் தட்டி நிமிர்த்திச் சரிசெய்தார். நீ அனுப்பும் லொகேஷன் அந்தக் கருவியின் பேரப்பிள்ளை. அந்தப் பேரப்பிள்ளையும் நியூட்டனை மட்டும் நம்பிப் பிழைக்க முடியாது. மேலே சுற்றும் செயற்கைக்கோளில் உள்ள கடிகாரம் ஐன்ஸ்டீன் கணக்குப்படி நாளுக்கு 38 மைக்ரோ வினாடி முந்தி ஓடுகிறதாம். அதைத் திருத்தாவிட்டால் உன் போன் ஒரே நாளில் உன்னைக் கிலோமீட்டர் கணக்கில் தள்ளி நிறுத்திவிடும்.

ஆக, ஓர் இடத்தைச் சொல்ல மூன்று வழி. என் உடம்பை வைத்துச் சொல்வது, அக்கம்பக்கத்தை வைத்துச் சொல்வது, பூமியை வைத்துச் சொல்வது. எதை வைத்துச் சொல்லிப் பழகுகிறோமோ அந்த வழியில்தான் ஞாபகமும் யோசனையும் போகிறது என்று சொல்கிற கூட்டம் ஒன்று உண்டு. ஆஸ்திரேலியாவின் வடகிழக்கில் கூகு யிமிதிர் என்று ஒரு மொழி. 1770-இல் கப்பல் கேப்டன் குக்கின் ஆட்கள் கங்காரு என்ற சொல்லைக் கேட்டு எழுதியது அதைப் பேசுகிறவர்களிடம்தான். இவர்கள் தங்கள் மொழியில் இடது, வலது என்று பேசுவதில்லை. ‘உன் வடக்குக் கால்கிட்ட எறும்பு’ என்கிற மாதிரிதான் பேச்சு. ஹாலந்தின் நைமேகன் ஊரில் லெவின்சன் தலைமையில் இதை ஆராய்ந்தவர்கள் மேசையில் பொம்மைகளை வரிசையாக வைத்துக் காட்டி, ஆளை அப்படியே திருப்பி, எதிர் மேசையில் அதேபோல் வைக்கச் சொன்னார்கள். எரிக் பெடர்சன் என்பவர் இதைத் தமிழ்நாட்டிலேயே செய்து பார்த்திருக்கிறார். கிராமத்தில் திசை சொல்லிப் பேசுகிறவர்களும் பட்டணத்தில் இடம் வலம் சொல்கிறவர்களும் தமிழர்கள்தான். ஆனால் வைக்கிற விதம் வேறாக வந்தது. இது மொழியால் வருவதில்லை, அறையில் இருக்கிறோமா வெளியில் இருக்கிறோமா என்பதைப் பொறுத்தது என்று மறுப்பவர்களும் உண்டு.

நானும் விடவில்லை. சமையலறை மேடையில் உப்பு ஜாடி, புளி டப்பா, மிளகுப் பெட்டி மூன்றையும் கிழக்கிலிருந்து வரிசையாக வைத்து, அம்மாவை நன்றாகப் பார்த்துக்கொள்ளச் சொன்னேன். பிறகு எல்லாவற்றையும் எடுத்துக் கையில் கொடுத்து, முதுகுப் பக்கம் இருந்த மேசையில் அதேபோல் வைக்கச் சொன்னேன். யோசிக்கவே இல்லை, உப்பைக் கிழக்கே வைத்துவிட்டாள். அது இப்போது அவளுக்கு மறு கைப்பக்கம். எதிர்வீட்டுக் காலேஜ் பையனைக் கூப்பிட்டு அதையே செய்யச் சொன்னேன். அவன் உப்பை எந்தக் கைப்பக்கம் பார்த்தானோ அந்தக் கைப்பக்கமே வைத்தான். அம்மா அவன் வைத்ததைப் பார்த்துவிட்டு, “ஏண்டா, உப்பு கெழக்கதான இருந்துச்சு?” என்றாள். அவனுக்குப் புரியவேயில்லை. இருவருக்கும் எதிராளி வைத்தது தப்பு, தன்னுடையது கண்ணால் கண்ட நிஜம். மிளகுப் பெட்டியை அன்றைக்கு அங்கேயே மறந்துவிட்டேன் என்று ரசத்துக்கு நேரத்தில் எனக்கு நல்ல அர்ச்சனை.

இதை வைத்துத் திசைக்குப் பூஜை போடச் சொல்கிறேன் என்று நினைத்துவிடாதே. வாஸ்துக்காரர் சொல்லும் மூலைக் கதையும் நான் பேசவில்லை. திசையால் நடந்த அநியாயமும் எனக்குத் தெரியும். நம் பக்கம் மேற்கே மலை, கிழக்கே கடல். தண்ணீர் மேலிருந்து கீழே வருகிறது. அதனால் மேல் பக்கம் மேற்கு, கீழ்ப் பக்கம் கிழக்கு. கேரளத்தில் மலை கிழக்கே இருந்தும் அவர்கள் அதைக் கிழக்கு என்றே சொல்கிறார்கள். மலைக்கு இந்தப் பக்கம் பிறந்த சொல் அது என்று கால்டுவெல் 1856-லேயே சுட்டிக்காட்டியிருக்கிறார். இதுவரை வெறும் பூகோளம். ஆனால் மேல் என்றால் உசத்தி, கீழ் என்றால் தாழ்த்தி என்று மனுஷன் தலையில் அதையே ஏற்றிவிட்டோம். மேலானவர், கீழானவர், மேல்சாதி, கீழ்சாதி. தரைமட்டக் கருவி வைத்துப் பல ஊரில் தெருத்தெருவாகப் பார்த்தவன் நான். உசந்தவர்கள் தெரு என்று சொன்ன தெருவுக்கும் மற்றதுக்கும் ஓர் அடி உயர வித்தியாசம் இருக்காது. ‘மேலிருந்தும் மேலல்லார் மேலல்லர்’ என்று குறள் அந்தச் சொல்லை வைத்தே அந்தச் சொல்லை அடிக்கிறது. அடிபட்டும் அது இன்னும் சாகவில்லை. அந்த வகையில் உன் பிள்ளையின் லெஃப்ட்டும் ரைட்டும் தேவலாம். அதில் உசத்தி தாழ்த்தி இல்லை. சோற்றுக் கை, பீச்சாங்கை என்று அதிலும் கொண்டுவந்து சேர்த்தோம் என்பது வேறு விஷயம்.

பின் எதற்கு இந்தக் கிழவனுக்குப் பிடிவாதம் என்று கேட்பாய். போன டிசம்பருக்கு முந்தைய டிசம்பரில் உன் ஊருக்கு வந்தேனே, காலை நடைக்குப் போய் ஒன்றரை மணி நேரம் திரும்பாமல் இருந்தேனே, நினைவிருக்கிறதா? கடைக்குப் போனேன் என்று உன்னிடம் சொன்னது பொய். திசை தப்பிவிட்டது. வெள்ளி முளைத்துச் சூரியன் கிழக்கே வரும் என்று அறுபது வருஷம் நம்பினவனுக்கு, எட்டரை மணிக்கு அது தென்கிழக்கில் எங்கேயோ மேகத்துக்குள் மங்கலாகத் தெரிந்தால் என்ன செய்வது? வெறும் கோடாகத் தெரு, ஒரே மாதிரி வீடு. போனைத் திறந்தால் நீலப் புள்ளி. நான் எங்கே இருக்கிறேன் என்று அது துல்லியமாகச் சொல்லியது. ஆனால் யாருக்கு மேற்கு, எதற்கு வடக்கு? கதியில்லாதவனை நாம் திக்கற்றவன் என்கிறோமே, அந்தச் சொல்லின் அர்த்தம் எனக்கு அங்கே ஒரு பஸ் நிறுத்தத்தில் நின்றபோதுதான் விளங்கியது. புள்ளியைப் பிடித்துக்கொண்டுதான் வீடு வந்தேன், அதையும் ஒப்புக்கொள்கிறேன்.

இனி காரியம். தாத்தா வழி வந்த எட்டு மா நிலத்தையும் பாகப்பிரிவினை செய்துவிடலாம் என்று இருக்கிறேன். ஆளுக்கு நாலு மா, அதாவது 1 ஏக்கர் 32 சென்ட். உன் தம்பியிடம் பேசிவிட்டேன். உனக்குக் கிழக்குப் பாதி. கடைசியில் தண்ணீர் பாய்கிற பக்கம் எனக்கா என்று கேட்காதே, ரோடு அந்தப் பக்கம்தான் வருகிறது. அளந்து கல் போட்டாயிற்று. பத்திர எழுத்தர் சர்வே எண், சப்டிவிஷன் எல்லாம் வந்துவிட்டது, நான்குமால் சம்பிரதாயத்துக்குத்தான் என்றார். நானே எழுதித் தருகிறேன் என்று வாங்கி வந்து நேற்று ராத்திரி எழுதினேன். உன் பாகத்தில் நாலு வரியும் சுலபமாக வந்தது. தம்பி பாகத்துக்கு வந்தபோது, ‘கயல்விழிக்குப் பாத்தியப்பட்ட நஞ்சைக்கு மேற்கு’ என்று எழுத வேண்டியிருந்தது. அவன் நிலம் எங்கே என்று நாளைக்கு யார் கேட்டாலும் உன் பெயரைச் சொல்லித்தான் ஆரம்பிக்க வேண்டும்.

பவர் எழுதித் தூதரகத்தில் கையெழுத்துப் போட நாள் வாங்கிவிடு. பாஸ்போர்ட்டில் இருக்கிறபடி உன் பெயரை எழுத்துப் பிசகாமல் எழுதி அனுப்பு. பேரனிடம், நீ படுக்கிற கட்டிலுக்குத் தலை எந்தப் பக்கம் என்று தாத்தா கேட்டதாகச் சொல். லெஃப்ட் என்று சொன்னால் செல்லாது.

அன்புடன்,
அப்பா