ஓபராவுக்குத் திரையில் உருவம் கொடுத்தவர்களின் பெயரையும் முன்பக்கத்தில் போடுங்கள்

படமாக்கப்பட்ட ஓபராக்களை இணையத்திலும் வட்டுகளிலும் வெளியிடும் நிறுவனங்களின் நிர்வாகிகளுக்கு,

வணக்கம்.

உங்கள் பட்டியல்களில் பாடியே நடிக்கும் மேற்கத்திய இசை நாடகமான ஓர் ஓபராவைத் திறந்தால் இசையமைப்பாளர், இசை நடத்துநர், முதன்மைப் பாடகர்கள், இயக்குநர் ஆகியோரின் பெயர்கள் உடனே கண்ணில் படுகின்றன. அரங்கையும் உடைகளையும் வடிவமைத்தவர் யாரென்று அறியப் பெரும்பாலும் படம் முடிந்து எழுத்துகள் ஓடும்வரை காத்திருக்க வேண்டியிருக்கிறது. இந்த வழக்கத்தை மாற்றும்படி கேட்கவே இம்மடலை எழுதுகிறேன். என் கோரிக்கைக்குச் சான்றாக அரங்க, உடை வடிவமைப்பாளர் ஹைன் ஹெக்ரோத் ஒருவரே போதும்.

ஜெர்மனியின் கீசன் நகரில் 1901இல் பிறந்த ஹெக்ரோத் அடிப்படையில் ஓவியர். நடன அமைப்பாளர் குர்ட் யோஸ் 1932இல் அரங்கேற்றிய 'பச்சை மேசை' நடன நாடகத்தின் உடைகள் ஹெக்ரோத்தின் கைவண்ணம். மனைவி யூதர் என்பதால் நாஜி ஆட்சியில் நாட்டைவிட்டு வெளியேறி இங்கிலாந்து சேர்ந்தார். அடைக்கலம் தந்த அதே நாடு 1940இல் அவரை 'எதிரி நாட்டவர்' என்று பிடித்து, டுனேரா கப்பலில் ஏற்றி ஆஸ்திரேலிய முகாமுக்கு அனுப்பியது. திரும்பி வந்தவர், சேர்ந்து படமெடுத்த இயக்குநர்கள் மைக்கேல் பவல், எமெரிக் பிரஸ்பர்கர் ஆகியோரின் படங்களில் பணியாற்றி, 'தி ரெட் ஷூஸ்' (1948) படத்தின் கலை இயக்கத்துக்காக ஆர்தர் லாசனுடன் ஆஸ்கர் விருதைப் பகிர்ந்துகொண்டார்.

அடுத்து 1951இல் வந்த 'தி டேல்ஸ் ஆஃப் ஹாஃப்மன்' படத்தைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். ஆஃபன்பாக்கின் ஓபரா இசை முழுவதையும் தாமஸ் பீச்சம் நடத்த, முதலில் ஒலிப்பதிவு செய்து முடித்துவிட்டார்கள்; பிறகு அதை ஒலிக்கவிட்டு ஷெப்பர்டன் ஸ்டூடியோவில் படமெடுத்தார்கள். பின்னணிப் பாடலுக்கு உதடசைத்தே வளர்ந்த நம் திரையுலகுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. படப்பிடிப்பில் ஒலி பிடிக்கும் கவலை இல்லாததால் கேமரா விருப்பம்போல் நகர்ந்தது. ஹெக்ரோத்தும் கட்டடங்களை நம்பாமல் மெல்லிய வலைத்துணி, வண்ணம் தீட்டிய திரை, வெளிச்சம் ஆகியவற்றைக் கொண்டே உலகங்களை எழுப்பினார். நாயகன் ஹாஃப்மன் காதலிக்கும் மூவரில், பொம்மையான ஒலிம்பியாவின் பகுதிக்கு மஞ்சள், வெனிஸ் நகரத்து ஜூலியெட்டாவுக்குச் சிவப்பு, பாடினால் உயிர் போய்விடும் அன்டோனியாவுக்கு நீலம் என்று பிரித்துக்கொண்டதால், கதை இடம் மாறுவதைச் சொல்லைவிட முன்னதாக நிறமே அறிவித்துவிடுகிறது. ஒலிம்பியாவாக ஆடுபவர் மொய்ரா ஷியரர், பாடுபவரோ டோரதி பாண்ட். உடல் ஒருவருடையதாகவும் குரல் வேறொருவருடையதாகவும் இருக்கையில், இரண்டையும் ஒரே பாத்திரமாக நாம் ஏற்கும்படி செய்வதில் உடைக்கும் அரங்குக்கும் உள்ள பங்கைச் சிறிதென்று எப்படிச் சொல்ல முடியும்? கலை இயக்கம், உடை வடிவமைப்பு ஆகிய இரு பிரிவுகளிலும் ஹெக்ரோத்தின் பெயர் ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டது. இரண்டு விருதுகளையும் 'ஆன் அமெரிக்கன் இன் பாரிஸ்' தட்டிச் சென்றது.

பின்னர் ஜெர்மனி திரும்பிய ஹெக்ரோத், பார்டோக்கின் 'நீலத்தாடியின் கோட்டை' ஓபராவை மேற்கு ஜெர்மானியத் தொலைக்காட்சிக்காக 1963இல் பவல் படமாக்கியபோது மீண்டும் அவருடன் இணைந்தார். இரண்டே பாத்திரங்களும் ஏழு கதவுகளும் கொண்ட அந்தப் படைப்பில், ஒவ்வொரு கதவுக்கும் பின்னால் இருப்பதைக் கண்டுபிடித்துக் காட்டும் பொறுப்பு வடிவமைப்பாளரையே சேர்கிறது.

ஓபராவில் இசையே முதன்மை என்று நீங்கள் சொல்லலாம், மறுக்கவில்லை. ஆனால் இசை மட்டும் போதுமென்பவர் ஒலித்தட்டை வாங்கிக்கொள்வார். நீங்கள் விற்பது படம்.

எனவே ஒவ்வொரு படைப்பின் முதற்பக்கத்திலும் அரங்க வடிவமைப்பாளர், உடை வடிவமைப்பாளர் பெயர்களைத் தனித்தனியே, இயக்குநர் பெயருக்கு அடுத்து இடுங்கள். பழைய படங்களைப் புதுப்பித்து வெளியிடும்போது, உரிமையாளர்கள் இசைந்தால், வடிவமைப்பு ஓவியங்களையும் சேர்த்துத் தாருங்கள். பாடகர் பெயரைத் தேடினால் அவருடைய படங்கள் வரிசையாக வருவதுபோல, வடிவமைப்பாளர் பெயரைத் தேடினாலும் வரும்படி உங்கள் தேடல் வசதியைத் திருத்துங்கள்.

இப்படிக்கு,
ஓபரா படங்களைத் தொடர்ந்து பார்த்துவரும் தமிழ் வாசகர் ஒருவர்