செயலாளரின் ஆண்டறிக்கை 2024–25: சாதிச் சான்று மெய்த்தன்மையும் பணிப் பாதுகாப்பும்

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும், அம்பாசமுத்திரம், சேரன்மகாதேவி, நாங்குநேரி வட்டங்களிலிருந்து பொதுக்குழுவிற்கு வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம். வரவு செலவுக் கணக்கையும் சந்தா நிலுவையையும் பொருளாளர் வாசிப்பார் என்பதால், இவ்வாண்டு சங்கத்தின் உழைப்பில் பெரும்பகுதியை எடுத்துக்கொண்ட சாதிச் சான்று மெய்த்தன்மைச் சரிபார்ப்பு, அதாவது இடஒதுக்கீட்டில் பணிபெற்றவர் கொடுத்த சாதிச் சான்று உண்மையானதா என்னும் விசாரணை, குறித்து மட்டும் இங்கே விரிவாகத் தெரிவிக்கிறேன்.

இச்சரிபார்ப்பு முறைக்கு அடிப்படை, மகாராஷ்டிரத்திலிருந்து சென்ற மாதுரி பாட்டீல் வழக்கில் 1994-இல் உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பாகும். நம் மாநிலத்தில் ஆதிதிராவிடர் சான்றுகளை மாவட்ட விழிக்கண் குழுவும், பழங்குடியினர் சான்றுகளை மாநிலக் கூர்நோக்குக் குழுவும் விசாரிக்கின்றன. சரிபார்ப்பையே சங்கம் எதிர்க்கிறது என்று சிலர் பேசுவது தவறு. பொய்ச் சான்று கொடுத்து வேலை வாங்குபவர் உரிய ஒருவரின் வாயில் மண்ணைப் போடுகிறார். எத்தனை ஆண்டு பணியாற்றியிருந்தாலும் அப்படிப் பெற்ற வேலைக்குப் பாதுகாப்பு இல்லை என்று 2017-இல் உச்ச நீதிமன்றம் கூறியதை நாமும் ஏற்கிறோம்.

நமது குறை காலம் பற்றியது. விசாரணை இரண்டு மாதத்திற்கு மேற்படக் கூடாது என்று அந்த 1994 தீர்ப்பிலேயே இருக்க, நம் உறுப்பினர் ஒருவரது பணிப்பதிவேட்டில் "சான்று மெய்த்தன்மைக்கு அனுப்பப்பட்டது" என்று சிவப்பு மையில் எழுதிய ஒரே ஒரு வரி, அதன்கீழ் வேறு பதிவு எதுவும் இன்றி, அவர் ஓய்வுபெறும் காலம் வரை அப்படியே கிடந்தது. ஓய்வூதியத்திற்கான முன்மொழிவை (ஓய்வுக் கருத்துருவை) அனுப்பும்போதுதான் அலுவலகத்திற்கு அது நினைவுக்கு வந்தது. ஓய்வின்போது மொத்தமாகத் தரப்படும் பணிக்கொடை நிறுத்தப்பட்டு, தற்காலிக ஓய்வூதியம் மட்டும் வழங்கப்படுகிறது. பெற்றோரை அறிந்து சாட்சி சொல்லக்கூடிய ஊர்ப் பெரியவர்கள் இருந்த காலத்தில் யாரும் விசாரிக்க வரவில்லை. மெய்ப்பிக்கும் பொறுப்பு சான்று வைத்திருப்பவர் மீதே சுமத்தப்பட்டிருக்கையில், இந்தத் தாமதத்தின் நட்டமும் அவர் தலையிலேயே விடிகிறது.

மலைவாழ் பழங்குடியினரான காணிக்கார உறுப்பினர்களின் நிலை இன்னும் சிக்கலானது. பழங்குடியினர் பட்டியலில் காணிக்காரர் பெயர் கன்னியாகுமரி மாவட்டத்திற்கும், திருநெல்வேலி மாவட்டத்தின் செங்கோட்டை, அம்பாசமுத்திரம் வட்டங்களுக்கும் மட்டுமே உரியதாக இருக்கிறது. (செங்கோட்டை 2019-இல் தென்காசி மாவட்டத்திற்குப் போய்விட்டது என்பது வேறு கதை.) ஆகவே பாபநாசம் மலையிலிருந்து இறங்கிக் கூலிக்காகப் பக்கத்து வட்டத்தில் குடியேறிய குடும்பத்தின் பிள்ளை, தன் பூர்வீகம் எந்த வட்டம் என்பதைப் பள்ளிச் சேர்க்கைப் பதிவேட்டைக் கொண்டு காட்ட வேண்டியிருக்கிறது. அதன்பின் சடங்கு, வழிபாடு பற்றிய கேள்விகள் வருகின்றன. விடுதியில் தங்கிப் படித்து வேலைக்கு வந்த ஒருவருக்குக் காணிக்காரரின் கொக்கரை இசைக்கருவியும் சடங்குப் பாடலான சாற்றுப்பாட்டும் தெரியாமலிருந்தால் அவர் காணிக்காரர் இல்லையென்று ஆகிவிடாது. இத்தகைய சோதனை இறுதி உரைகல் ஆகாது என்று 2023-இல் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வே கூறியிருப்பதை நமது மனுக்களில் தவறாமல் எடுத்துக்காட்டி வருகிறோம்.

தேவேந்திரகுல வேளாளர் என்ற பொதுப்பெயர் 2021-இல் சட்டமான பிறகு, தந்தையின் பணிப்பதிவேட்டில் அதில் அடங்கும் ஏழு பழைய சாதிப் பெயர்களுள் ஒன்றும் பிள்ளையின் சான்றில் புதுப்பெயரும் இருப்பதால் எழுந்த ஐயங்களுக்குச் சட்டத் திருத்த நகலை இணைத்து விளக்கம் அளித்தோம். அதில் பெரிய தொல்லை இல்லை.

ஏற்கனவே மெய்த்தன்மை உறுதி செய்யப்பட்டவர்கள் அந்த ஆணையின் நகலைக் கையில் வைத்திருக்குமாறு வற்புறுத்துகிறேன். ஒரு முறை முடிந்த விசாரணையை, மோசடி நடந்திருந்தாலோ முறையான விசாரணை இன்றி முடிவு எடுக்கப்பட்டிருந்தாலோ அன்றி, மீண்டும் திறக்கக் கூடாது என்று தமிழ்நாட்டுப் பெண் ஊழியர் ஒருவரின் வழக்கில் 2021-இல் தீர்ப்பாகியுள்ளது. ஆணை அலுவலகக் கோப்பில்தானே இருக்கிறது என்று இருந்துவிட்டால், கோப்பைக் காணோம் என்ற பதில் வரும் நாளில் அந்தத் தீர்ப்பைக் காட்டுவதற்கு நம்மிடம் ஆதாரம் இருக்காது.

பணியில் சேர்ந்தவரின் சான்றைத் தகுதிகாண் பருவம் முடிவதற்குள் சரிபார்த்து முடிவைப் பணிப்பதிவேட்டில் பதிய வேண்டும் என்றும், அலுவலகத் தாமதத்திற்காகப் பணிக்கொடையை நிறுத்தக் கூடாது என்றும் அரசைக் கேட்கும் தீர்மானத்தைச் செயற்குழு முன்மொழிந்துள்ளது. பொதுக்குழு அதனை விவாதித்து ஒப்புதல் அளிக்க வேண்டுகிறேன்.