செயலாளர் ஆண்டறிக்கை
குடியிருப்போர் நலச் சங்கம், திருப்பாதிரிப்புலியூர், கடலூர்

தலைவர் அவர்களுக்கும் செயற்குழுவினருக்கும் குடும்பத்தோடு வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

இந்த ஆண்டு செயற்குழு மாதந்தோறும் கூடியது. மழைக்கு முன்பே வடிகால் தூர்வாரப்பட்டது. எரியாத தெருவிளக்குகளை மாற்றியாயிற்று. வரவு செலவைப் பொருளாளர் வாசிப்பார். ஆடி மாதம் நாம் நடத்திய கூட்டத்தைப் பற்றித்தான் நான் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும்.

பொதுச் சுகாதாரத் துறையில் பணியாற்றி ஓய்வு பெற்ற மருத்துவர் ஒருவர் வந்து பேசினார். பெயர் போட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார். ஆஸ்பத்திரி டாக்டருக்குக் கட்டிலில் படுத்திருக்கும் நோயாளி ஒருவர். பொதுச் சுகாதாரத் துறையினருக்கோ ஊரே நோயாளி. இவருக்கு நோய் யாரிடமிருந்து வந்தது, இனி யாருக்குப் போகும் என்பதுதான் அவர்களுடைய முதல் கேள்வி. 2020 மே மாதம் கோயம்பேடு சந்தையிலிருந்து திரும்பியவர்கள் வழியாக நம் மாவட்டத்தில் கொரோனா கிடுகிடுவென ஏறியது நினைவிருக்கும். யார் எந்த லாரியில் வந்தார், பக்கத்தில் யார் உட்கார்ந்தார், எந்த வீட்டில் சாப்பிட்டார் என்று ஒவ்வொருவராக விசாரித்துப் பட்டியல் எடுத்தார்கள். இருமல் வருவதற்கு இரண்டு நாள் முன்பே அந்தக் கிருமி பரவும். அதனால்தான் நன்றாக இருந்தவர்களையும் 14 நாள் வீட்டிலேயே இருக்கச் சொன்னார்கள்.

இது அன்று நமக்குப் புரியவில்லை. நம் தெருவில் தகரம் அடித்தபோது சுகாதார ஆய்வாளரைச் சூழ்ந்துகொண்டு சத்தம் போட்டோம். முன்னால் நின்று பேசியவன் நான். ஒன்பதாம் நாள், அதுவரை காய்ச்சலே இல்லாத என் பக்கத்து வீட்டுப் பெரியவருக்குத் தொற்று உறுதியானது. வெளியே போகாமல் இருந்ததால் அவரிடமிருந்து வேறு யாருக்கும் போகவில்லை. அந்த ஆய்வாளரிடம் மன்னிப்புக் கேட்க எனக்கு இவ்வளவு காலம் ஆகிவிட்டது. கூட்டத்துக்கு அவரையும் அழைத்திருந்தோம். எல்லோர் முன்னிலையிலும் கேட்டேன்.

மருத்துவர் சொன்ன இன்னொன்று. 2004 சுனாமிக்குப் பிறகு தேவனாம்பட்டினம் பக்கமெல்லாம் வாந்திபேதி வந்துவிடுமோ என்று பயந்தோம். குடிநீர்த் தொட்டிகளில் குளோரின் போட்டு, முகாம் முகாமாகப் போய்ப் பார்த்து, பெரிதாகப் பரவாமல் தடுத்தார்கள். வராத நோய்க்கு யாரும் மாலை போடுவதில்லை. 1939 இலேயே பொதுச் சுகாதாரத்துக்கென்று சட்டம் இயற்றியது அன்றைய சென்னை மாகாணம். பல மாநிலங்களில் இல்லாத தனி இயக்குநரகமும் இங்கே இருக்கிறது. இதையெல்லாம் நம் பிள்ளைகளுக்குச் சொல்ல வேண்டும்.

கூட்டத்துக்குப் பிறகு வெள்ளிக்கிழமைதோறும் தொட்டி, டிரம், பூந்தொட்டித் தட்டு எல்லாவற்றையும் கவிழ்த்துக் காயவைக்கிறோம். டெங்கு கொசு நல்ல தண்ணீரில்தான் முட்டையிடும். முட்டை கொசுவாக ஒரு வாரம், பத்து நாள் போதும். இதில் பெண்கள் காட்டிய அக்கறைக்குத் தனியாக நன்றி சொல்லியாக வேண்டும்.

சங்கக் கட்டடத்தின் முன்கூடத்தைக் காய்ச்சல் முகாமுக்கும் தடுப்பூசி முகாமுக்கும் எப்போது கேட்டாலும் வாடகையின்றித் தருவது என்ற தீர்மானத்தைப் பொதுக்குழுவின் ஒப்புதலுக்கு வைக்கிறேன்.

இப்படிக்கு,
செயலாளர்