முதல் வகுப்புத் தமிழ்ப் புத்தகம் எழுதுவோருக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய பாடநூல் ஆசிரியர்களுக்கும், அரிச்சுவடி பதிப்பிப்போருக்கும், அவற்றுக்குப் படம் வரைவோருக்கும்,

வணக்கம். நான் ஒரு தொடக்கப் பள்ளியில் முதல் வகுப்புக்குத் தமிழ் சொல்லித் தருகிறேன். எந்த எழுத்துக்கு எந்தச் சொல், எந்தப் படம் என்று நீங்கள் எடுக்கும் முடிவைப் பற்றித்தான் இந்த மடல். பெரியவர்களுக்கு இது சின்ன விஷயமாகத் தெரியலாம். ஐந்து வயதுப் பிள்ளைக்கு அப்படியில்லை.

'இ' என்றால் இலை, 'உ' என்றால் உரல். பல தலைமுறையாக இப்படித்தான் படித்து வருகிறோம். ஆனால் என் வகுப்புப் பிள்ளைகள் வீட்டில் சொல்வது 'எல', 'ஒரல்'. இலைப் படத்தைக் காட்டி, "இது எந்த எழுத்துல ஆரம்பிக்குது?" என்று கேட்டால் "எ" என்று பதில் வருகிறது. தப்பு என்கிறோம். உண்மையில் அந்தக் குழந்தை தன் வாயில் வந்த சொல்லின் முதல் ஒலியைச் சரியாகப் பிரித்துக் கேட்டிருக்கிறது. படிக்கக் கற்க வேண்டிய திறமையே அதுதான். அதைத் தப்பு என்று சொல்லும்போது, காதை நம்பாதே, மனப்பாடம் பண்ணு என்று சொல்லிக்கொடுத்து விடுகிறோம்.

இதில் ஓர் ஒழுங்கும் இருக்கிறது. பேச்சில், சொல்லின் முதலில் வரும் குறில் இ, உ-வை அடுத்து, இடையில் ஒற்று இல்லாமல் அ, ஆ, ஐ ஒலி வந்தால், பெரும்பாலும் இ எ-ஆகவும் உ ஒ-ஆகவும் மாறும். நிலா நெலாவாகும், விளக்கு வெளக்காகும், குடை கொடையாகும், உலகம் ஒலகமாகும். ஆனால் இட்லி, இஞ்சி, இடுப்பு, உப்பு, உண்டியல் எல்லாம் பேச்சிலும் அப்படியே நிற்கும். 'இ'-க்கு இட்லியையும் 'உ'-க்கு உப்பையும் போட்டால் போதும், பிள்ளையின் வாயும் புத்தகமும் ஒன்றையே சொல்லும். கொச்சையாக எழுதுங்கள் என்று நான் கேட்கவில்லை. இலை பின்னால் வரட்டும். 'இ' மனதில் நின்ற பிறகு, "எலன்னு பேசுவோம், இலைன்னு எழுதுவோம்" என்று சொல்லிக் கொடுப்பதே ஒரு நல்ல பாடம். ஔ-வுக்கும் ஃ-க்கும் வீட்டில் புழங்கும் சொல் கிடைப்பது கஷ்டம். அவையும் மெதுவாக வரலாம்.

அடுத்தது புள்ளி வைத்த எழுத்துகள். பிள்ளைகள் அதிகம் தடுமாறும் இடம் இதுதான். 'வண்டி' எழுதச் சொன்னால் 'வடி' வரும், 'பந்து' 'பது' ஆகும். கவனமில்லை என்று சிவப்பு மையால் சுழிக்கிறோம். 'அம்மா' என்று சொல்லிக் கைதட்டச் சொல்லிப் பாருங்கள். அம், மா என்று இரண்டு தட்டுதான் விழும். நம் யாப்பிலக்கணமும் அதை நேர், நேர் என்று இரண்டு அசையாகத்தான் பிரிக்கிறது. எழுத்தோ மூன்று. அந்த நடு 'ம்' பிள்ளையின் காதில் தனியாக நிற்பதில்லை, 'அ'-வோடு ஒட்டியே கேட்கிறது. அப்புறம் அதை நாம் எப்படிச் சொல்லித் தருகிறோம்? இக், இங், இச் என்று. "அ, இம், மா, அம்மா" என்று எழுத்துக்கூட்டும் பிள்ளைக்கு, அந்தச் சொல்லில் இல்லாத ஓர் 'இ'-யை நாமே நடுவில் செருகி விடுகிறோம்.

ம், ல், ன், ழ் போன்ற ஒலிகளை மூச்சு உள்ளவரை நீட்டிப் பிடிக்கலாம். க், ட், ப் அப்படி நிற்காது. அதனால் மெய்யை ம்-இல் தொடங்குங்கள். "ம்ம்ம்ம்… ஆ… மா" என்று சொன்னால் பிள்ளை சிரித்துக்கொண்டே பிடித்துக்கொள்கிறது. க்+அ=க என்று பலகையில் எழுதிப் போடும்போது அந்தச் சிரிப்பு வருவதில்லை. எழுத எளிது என்று ட, ப, ம எனத் தொடங்கும் வழக்கம் உண்டு. அது கைக்கு எளிது, காதுக்கு எளிதான வரிசை வேறு.

இது என் வகுப்பறையில் மட்டும் தெரிந்த விஷயமில்லை. அமெரிக்காவில் உளவியலாளர் இசபெல் லிபர்மன் குழுவினர் 1974-இல் சில பிள்ளைகளை அசைக்கு ஒரு தட்டும், வேறு சிலரைத் தனி ஒலிக்கு ஒரு தட்டும் தட்டச் சொல்லிப் பார்த்தார்கள். நான்கு வயதில் ஏறத்தாழப் பாதிப் பேர் அசைகளைத் தட்டினார்கள். தனி ஒலிகளை ஒருவர்கூடத் தட்டவில்லை. முதல் வகுப்பு முடிவில் தனி ஒலிகளையும் 70 சதவீதம் பேர் தட்டினார்கள். நமக்குப் பக்கத்து மொழியான கன்னடத்தில் சோனாலி நாக் செய்த ஆய்வும், அசையைக் கேட்பது முன்பே வந்துவிடும், தனி ஒலியைப் பிரிப்பது மெதுவாகத்தான் வரும் என்று காட்டியது. எழுத்தறியாத பெரியவர்களுக்கே சொல்லின் முதல் ஒலியை நீக்கிச் சொல்வது மிகக் கடினம் என்று போர்ச்சுகலில் 1979-இல் கண்டார்கள். தனி ஒலியைப் பிரிக்கும் திறமை வயதானால் தானாக வருவதில்லை, எழுத்தோடு சேர்ந்துதான் வருகிறது. ஆகவே எழுத்தைத் தள்ளிப்போட வேண்டியதில்லை. எழுத்தும் காதும் சேர்ந்தே வளரட்டும். அதற்குப் புத்தகத்தில் இடம் வேண்டும், அவ்வளவுதான்.

தமிழில் இதற்கு வழியா இல்லை? நம் பிள்ளைகள் 'க பாஷை' பேசுவார்களே, "நீ வா" என்பதை "கநீ கவா" என்று! சொல்லை அசை அசையாக உடைத்தால்தானே அப்படிப் பேச முடியும்? பெயரின் கடைசி எழுத்தில் அடுத்த பெயரைத் தொடங்கும் விளையாட்டும், மோனை தேடும் விளையாட்டும் இதே வேலையைத்தான் செய்கின்றன. ஒவ்வொரு பாடத்துக்கும் முன்னால் எழுத்தே இல்லாத ஒரு பக்கம் கொடுங்கள். கேட்க, தட்ட, சொல்ல மட்டும். மதிப்பெண் வேண்டாம்.

இன்னொரு வேண்டுகோளும் உண்டு. அடுத்த பதிப்பு அச்சுக்குப் போகும் முன், படங்களை எழுத்துத் தெரியாத பிள்ளைகளிடம் காட்டுங்கள். சென்னையில் காட்டுங்கள், நெல்லையில் காட்டுங்கள், தருமபுரியிலும் நீலகிரியிலும் காட்டுங்கள். ஒவ்வொரு படத்துக்கும் அவர்கள் சொல்லும் பெயரை அப்படியே எழுதிக்கொள்ளுங்கள். நீங்கள் நினைத்த எழுத்தில் தொடங்காத படங்களை எடுத்துவிட்டு வேறு படம் போடுங்கள்.

அன்புடன்,
ஒரு முதல் வகுப்பு ஆசிரியை