காலிமுகத்திடலைத் தாண்டிப் போன மாநாடு

ஆசிரியர் அவர்களுக்கு,

அகிம்சைத் தத்துவம் இந்தக் காலத்துக்கு எவ்வளவு பொருந்தும் என்று ஆராயக் கொழும்பில் கூடிய சர்வதேச மாநாடு பற்றித் தங்கள் பத்திரிகையில் செய்தி வந்திருந்தது. மங்கள விளக்கேற்றும் படமும் போட்டிருந்தீர்கள். அங்கே ஒரு நாள் முழுக்கப் பார்வையாளராக உட்கார்ந்திருந்தவள் என்பதால் இதை எழுதுகிறேன்.

காந்தியைப் பற்றியும் மார்ட்டின் லூதர் கிங்கைப் பற்றியும் நன்றாகவே பேசினார்கள். 1927 நவம்பரில் காந்தி இலங்கைக்கு வந்து யாழ்ப்பாணம் வரை போனதை ஒருவர் நினைவுபடுத்தினார். இன்னொருவர், 1951இல் சான் பிரான்சிஸ்கோ சமாதான மாநாட்டில், பின்னாளில் ஜனாதிபதியான ஜே.ஆர். ஜயவர்தன ‘பகை பகையால் தணியாது’ என்ற புத்தர் வாக்கைச் சொல்லி யப்பானுக்காகப் பரிந்து பேசியதைச் சொன்னார். (அதே ஜே.ஆரின் ஆட்சியில்தான் 1983இல் தமிழர்மீதான வன்முறை நடந்தது. அது அந்தப் பேச்சாளருக்கு நினைவு வரவில்லை.)

சரி, வெளிநாட்டு விருந்தினர் முன்னால் வேறென்ன பேசுவார்கள் என்று விட்டுவிடலாம். ஆனால் மாநாட்டுக்காக வெள்ளவத்தையிலிருந்து கோட்டைக்கு நான் போன 100ஆம் இலக்க பஸ், கடலோரத்துக் காலிமுகத்திடலைத் தாண்டித்தான் போனது. 1956 ஜூன் 5ஆம் திகதி, சிங்களத்தை மட்டும் ஆட்சிமொழியாக்கும் தனிச் சிங்களச் சட்டமூலம் பாராளுமன்றத்துக்கு வந்த அன்று, தமிழரசுக் கட்சித் தலைவர் செல்வநாயகமும் கட்சியினரும் அங்கேதான் சத்தியாக்கிரகம் இருந்தார்கள். கும்பல் வந்து அடித்தது. பொலிஸார் பார்த்துக்கொண்டு நின்றார்கள். அக்கட்சியின் பாராளுமன்ற உறுப்பினர் அமிர்தலிங்கம் தலைக்காயக் கட்டோடு பாராளுமன்றத்துக்குள் போனார். அந்தக் கட்டடம்தான் இன்றைய ஜனாதிபதி செயலகம். இதைப் பற்றி நான் இருந்த நாள் முழுவதும் மாநாட்டு மேடையில் ஒரு வார்த்தை இல்லை.

தேநீர் இடைவேளையில் பக்கத்தில் நின்ற சிங்கள மாணவர் ஒருவரிடம் என் அரைகுறைச் சிங்களத்தில் இதைச் சொன்னேன். அவர் 2022 மே 9ஆம் திகதி அதே திடலில் அரசுக்கு எதிராகப் போராடியவர்களோடு நின்றவராம். அரசு ஆதரவாளர்கள் வந்து கூடாரங்களைப் பிய்த்து எரித்ததை நேரில் பார்த்திருக்கிறார். “எங்களுக்கு முந்தியே அதே இடத்தில் சும்மா உட்கார்ந்திருந்து அடி வாங்கினவர்கள் இருக்கிறார்களா?” என்று திருப்பித் திருப்பிக் கேட்டார். பள்ளிக்கூடத்தில் யாரும் சொல்லித் தரவில்லையாம். மேடைப் பேச்சுகளைவிட அந்தப் பத்து நிமிடம் எனக்குப் பிரயோசனமாக இருந்தது.

1961 பெப்ரவரி 20இல் யாழ்ப்பாணக் கச்சேரி (மாவட்ட அரச செயலகம்) வாசலில் சத்தியாக்கிரகம் தொடங்கியபோது நான் சிறுபிள்ளை. அம்மா என்னையும் கூட்டிக்கொண்டு போவார். வெயிலும், நெருக்கியடித்து உட்கார்ந்திருந்த பெண்களும்தான் ஞாபகம். ஏறக்குறைய இரண்டு மாதம் கச்சேரி முடங்கிக் கிடந்தது. பிறகு அவசரகாலச் சட்டம், இராணுவம், தலைவர்களுக்குப் பனாகொடையில் தடுப்புக்காவல். இனி உட்கார்ந்திருந்து பயனில்லை, ஆயுதம்தான் வழி என்று பின்னால் வந்த பிள்ளைகள் முடிவு கட்டினார்கள். அந்த முடிவுக்கு அவர்களைத் தள்ளியது எது என்று கேட்காமல் அகிம்சையின் இக்காலப் பொருத்தத்தை எங்கிருந்து ஆராய்வது?

எங்கள் பக்கத்துக் கணக்கும் இருக்கிறது. 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாசலில், உள்ளே விடச் சொல்லிக் காத்திருந்த ஒடுக்கப்பட்ட சாதியினரை அடித்தவர்கள் சிங்களவர்கள் இல்லை. அதையும் அந்த மேடையில் பேசியிருக்கலாம்.

2017இல், அதே பெப்ரவரி 20ஆம் திகதிதான், காணாமல் ஆக்கப்பட்டோரின் தாய்மார் கிளிநொச்சியில் தொடர் போராட்டத்தைத் தொடங்கினார்கள். பிள்ளைக்கு என்ன நடந்தது என்று தெரியாமலே பலர் கண்ணை மூடிவிட்டார்கள். அடுத்த முறை இவர்களில் ஒருவரைப் பேச அழைக்கலாம். அவர் தமிழில் பேசுவார், ஆகவே மொழிபெயர்ப்புக்கும் ஏற்பாடு வேண்டும். இந்த முறை எல்லாமே ஆங்கிலத்தில் நடந்தது.

கட்டுரைகளைப் புத்தகமாகப் போடப் போகிறார்களாம். தமிழிலும் சிங்களத்திலும் போட்டால் நல்லது. சிங்களப் பிரதி வந்தால் அனுப்பச் சொல்லி அந்த மாணவர் தன் முகவரியை எழுதித் தந்திருக்கிறார்.

ஓய்வுபெற்ற ஆசிரியை,
வெள்ளவத்தை, கொழும்பு 06