வேட்பாளர் விவரத்தில் கவுன்சிலர் அனுபவத்தையும் போடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

ஆங்கிலேயர் காலத்து மத்திய சட்டசபை தன் தலைவராக முதல்முறை ஓர் இந்தியரை, விட்டல்பாய் படேலை, தேர்ந்தெடுத்தது 1925 ஆகஸ்டில். அதன் நூற்றாண்டை ஒட்டி 2025 ஆகஸ்டில் டெல்லி சட்டமன்றக் கட்டடத்தில் சபாநாயகர்கள் மாநாடு நடந்தது. அந்தத் தேர்தல் நடந்தது சிம்லாவில். ஆனால் விட்டல்பாய் படேல் என்று சொன்னால் நம்மில் பலர் "சர்தார் படேலுடைய அண்ணன்தானே" என்பதோடு சரி. மிஞ்சிப் போனால், தம்பிக்கு வந்த கப்பல் டிக்கெட்டில் 'வி. ஜே. படேல்' என்று இருந்ததால் அண்ணன் முந்திக்கொண்டு பாரிஸ்டர் படிப்புக்கு லண்டன் போன கதை தெரிந்திருக்கும். அந்த மனிதர் போட்டு வைத்த அடித்தளத்தில்தான் இன்றைய மக்களவைச் செயலகமே நிற்கிறது என்பதை யாரும் பேசக் காணோம். அதனால்தான் இந்தக் கடிதம்.

கோத்ராவிலும் போர்சத்திலும் வக்கீலாக இருந்து, பாரிஸ்டராகித் திரும்பி பம்பாயில் தொழில் செய்தவர் அவர். 1912இல் பம்பாய் சட்ட மேலவை, 1918இல் மத்திய சட்டசபைக்கு முன்பிருந்த இம்பீரியல் சட்டசபை, பிறகு பம்பாய் மாநகராட்சி, 1923இல் மத்திய சட்டசபை, 1924இல் பம்பாய் மாநகராட்சித் தலைவர் என்று போகிறது அவர் பாதை. ஒன்றை முடித்துவிட்டு மேலே போனார் என்று இதைச் சொல்ல முடியாது, டெல்லியில் உறுப்பினராக இருந்துகொண்டே பம்பாயில் மாநகராட்சிக் கூட்டத்துக்கும் தலைமை தாங்கியிருக்கிறார்.

அவர் கொண்டுவந்த சட்டங்களைப் பாருங்கள். பம்பாய் ஆரம்பக் கல்விச் சட்டம், 1918. முனிசிபாலிட்டிகள் விரும்பினால் தங்கள் ஊரில் ஆரம்பக் கல்வியைக் கட்டாயமாக்கலாம் என்ற அதிகாரத்தை அது கொடுத்தது, படேல் சட்டம் என்றே அதற்குப் பெயர். அதே 1918இல் இம்பீரியல் சட்டசபையில் சாதி மாறி நடக்கும் இந்துத் திருமணம் செல்லும் என்று ஒரு மசோதா கொண்டுவந்தார். வைதிகர்கள் கொதித்தார்கள், மசோதா நிறைவேறவில்லை. அப்படி ஒரு சட்டம் வர நாடு 1949 வரை காத்திருக்க வேண்டியிருந்தது என்றால், இவர் எவ்வளவு முன்னால் நின்று பேசியிருக்கிறார் என்று புரியும்.

சபைத் தலைவர் தேர்தலில் அவரை எதிர்த்து நின்றவர் நம் சென்னை வக்கீல் திவான் பகதூர் டி. ரங்காச்சாரி. 58க்கு 56, இரண்டே ஓட்டில்தான் விட்டல்பாய் ஜெயித்தார். அப்படிப் பிளந்து கிடந்த சபை, 1927 ஜனவரியில் அவரைப் போட்டியில்லாமல் மறுபடி தேர்ந்தெடுத்தது. அதற்குக் காரணம் அவர் சபையை நடத்திய விதம்தான். 1928இல், வெளிநாட்டுக் கம்யூனிஸ்டுகளை நாடு கடத்த அரசாங்கம் கொண்டுவந்த பொதுப் பாதுகாப்பு மசோதாவுக்கு இருபக்கமும் 61 ஓட்டு விழுந்து சமமாக நின்றபோது தன் ஓட்டைப் போட்டு அதைத் தோற்கடித்தார். அரசாங்கம் விடவில்லை, அடுத்த வருஷம் மறுபடி கொண்டுவந்தது. கம்யூனிஸ்டுகள், தொழிற்சங்கத் தலைவர்கள் மேல் போட்ட மீரட் சதி வழக்கு நீதிமன்றத்தில் இருக்கும்போது அந்த வழக்கைத் தொடாமல் இந்த மசோதாவைப் பேசவே முடியாது, ஒன்று வழக்கை விடுங்கள் இல்லாவிட்டால் மசோதாவை விடுங்கள் என்றார். 1929 ஏப்ரல் 8 அன்று அந்தத் தீர்ப்பைச் சொல்ல அவர் எழுந்த நேரத்தில்தான் பகத் சிங்கும் படுகேஷ்வர் தத்தும் வீசிய குண்டுகள் சபைக்குள் வெடித்தன. குண்டு வெடித்த பிறகும் அவர் மாற்றிக்கொள்ளவில்லை. அதே வாரத்தில் மசோதா ஒழுங்குக்குப் புறம்பானது என்று அறிவித்தார், வைஸ்ராய் அவசரச் சட்டம் போட்டுத்தான் காரியத்தை முடித்துக்கொள்ள வேண்டியிருந்தது. சபைக்கென்று அரசாங்கத்தைச் சாராத தனிச் செயலகம் 1929 ஜனவரியில் அமைந்ததும், சபைக்குள் காவல் யாருடைய பொறுப்பு என்று சண்டை போட்டு சபைக்கே தனிக் காவல் ஏற்பாடு வந்ததும் அவர் காலத்தில்தான்.

அவர் மேல் குறை சொன்னவர்களும் உண்டு, அதில் நியாயமும் இருக்கிறது. சுயராஜ்யக் கட்சியை விட்டுவிட்டேன் என்று சொல்லி நாற்காலியில் உட்கார்ந்தவர், 1929 டிசம்பரில் காந்தி, மோதிலால் நேரு, ஜின்னா, மிதவாதத் தலைவர் தேஜ் பகதூர் சாப்ரூ ஆகியோரோடு சேர்ந்து வைஸ்ராயைப் பார்த்து அரசியல் பேசப் போனார். இன்றைய சபாநாயகர் ஒருவர் அப்படிப் போனால் நானே எதிர்த்து எழுதுவேன். அடிமை நாட்டில் அந்தப் பதவியில் இருந்தவரை அதே அளவுகோலால் அளக்க எனக்கு மனம் வரவில்லை, அவ்வளவுதான்.

நான் சொல்ல வந்தது வேறு. 1924ஐ ஒட்டிய வருஷங்களைப் பாருங்கள். பம்பாயில் விட்டல்பாய், அகமதாபாத் முனிசிபாலிட்டியில் வல்லபாய், கல்கத்தாவின் முதல் மேயராக சி. ஆர். தாஸ், பாட்னாவில் ராஜேந்திர பிரசாத், அலகாபாத்தில் ஜவஹர்லால் நேரு. இவர்கள் அத்தனை பேரும் வக்கீல்கள், அத்தனை பேரும் சாக்கடை, குடிதண்ணீர், பள்ளிக்கூடம், வரி பாக்கி என்று மல்லாடியவர்கள். நம் பக்கத்தில் ராஜாஜி 1917லேயே சேலம் முனிசிபாலிட்டித் தலைவர். கோர்ட் அவர்களுக்குச் சட்டத்தைக் கற்றுக்கொடுத்தது. ஆனால் பிடிக்காத ஆளையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு ஒரு தீர்மானத்தை நிறைவேற்றுவது, அதிகாரி எழுதிக் கொடுக்கும் குறிப்பை அப்படியே நம்பாமல் கேள்வி கேட்பது, இல்லாத பணத்தில் எந்தத் தெருவுக்கு முதலில் செய்வது என்று முடிவெடுத்து அடுத்த நாள் காலை மற்ற தெருக்காரர்களுக்குப் பதில் சொல்வது, இதெல்லாம் கோர்ட்டில் வராது, டெல்லிக்குப் போன பிறகும் கற்றுக்கொள்ள முடியாது.

நாம் அந்தப் பள்ளிக்கூடத்தையே மூடி வைத்துப் பழகிவிட்டோம். தமிழ்நாட்டின் நகர உள்ளாட்சிகளுக்கு 2016இல் பதவிக்காலம் முடிந்தது, தேர்தல் நடந்தது 2022 பிப்ரவரியில். நடுவில் ஐந்து வருஷத்துக்கு மேல் ஒரு வார்டு கவுன்சிலர்கூடக் கிடையாது, தனி அலுவலர்களே எல்லாம் பார்த்தார்கள். அந்த வருஷங்களில் உருவாகியிருக்க வேண்டியவர்கள் எத்தனை பேரோ! கட்சிகளோ எம்.பி. சீட்டுக்குப் பணமும் சாதியும் குடும்பமும் பார்க்கின்றன. இருபது வருஷம் வார்டில் உழைத்தவர் பூத் வேலைக்குத்தான்.

உங்களிடம் ஒரு வேண்டுகோள். தேர்தல் நேரத்தில் வேட்பாளரின் சொத்து, வழக்கு, படிப்பு என்று பிரமாணப் பத்திரத்தில் இருப்பதை வெளியிடுகிறீர்கள், நல்லது. அதோடு கூட ஒரு வரி சேருங்கள்: இவர் எந்த ஊராட்சியில், நகராட்சியில், எத்தனை வருஷம் உறுப்பினராக இருந்தார், எத்தனை கூட்டத்துக்கு வந்தார், என்ன கேள்வி கேட்டார். ஒன்றுமே இல்லையென்றால் 'இல்லை' என்றே போடுங்கள். மாமன்றக் கூட்டச் செய்திகளையும் கூச்சல், வெளிநடப்பு என்பதோடு நிறுத்தாமல் எந்தத் தீர்மானம் யார் பேசி எப்படி நிறைவேறியது என்று முழுசாகப் போடுங்கள், படிக்க நாங்கள் இருக்கிறோம்.

அன்புடன்,
உங்கள் நெடுநாள் வாசகர்,
கும்பகோணம்