கம்போடியா ஆர்ட்டிஸ்ட்கிட்ட சோகத்த மட்டும் கேக்காதீங்க

அமெரிக்காவுல மியூசியம், டான்ஸ் ஃபெஸ்டிவலுக்கு புரோகிராம் போடுறவங்களுக்கும், கிராண்ட் குடுக்குற கமிட்டிக்காரங்களுக்கும் வணக்கம்.

கம்போடிய அகதி குடும்பத்துலேருந்து வந்த ஆர்ட்டிஸ்ட்டுன்னா உங்கள்ல நிறைய பேருக்கு மண்டை ஓடும் கொலைக்களமும்தான் ஞாபகம் வருது, ஏப்ரல் 17 (1975ல கம்போடியா தலைநகர் நாம்பென் க்மெர் ரூஜ்ங்கிற கம்யூனிஸ்ட் படைகிட்ட விழுந்த நாள்) பக்கத்துல வந்தா உடனே ஒரு ஃபோன், "உங்க அம்மா அப்பா கதையை வச்சு ஏதாவது பண்ணுங்களேன்"னு. அதே ஏப்ரல் நடுவுலதான் அவங்க புத்தாண்டும் வருது, நம்ம சித்திரை வருஷப்பிறப்ப ஒட்டியே, அதுக்கு எத்தன பேர் கூப்புடுறீங்க?

க்மெர் ரூஜ் ஆட்சியில சுமார் 17 லட்சம் பேர் செத்தாங்க, அரண்மனை நடனம் ஆடினவங்கள்ல பத்துல ஒருத்தர்தான் தப்பிச்சாங்கன்னு சொல்றாங்க, இத யாரும் மறக்கச் சொல்லல. ஆனா மிஞ்சினவங்க கத்துக்குடுத்து வந்த ஆளுங்க இப்ப என்னென்ன பண்றாங்கன்னும் பாருங்க. சோஃபிலின் சியம் ஷாபிரோ, க்மெர் ரூஜுக்கு அப்புறம் படிச்சு வெளிய வந்த முதல் செட், கலிஃபோர்னியாவுக்கு வந்து 2000ல ஷேக்ஸ்பியரோட ஒத்தெல்லோவ அரண்மனை நடனமா ஆக்குனாங்க, தன் தப்ப தானே ஒத்துக்குற ஒரு தலைவன் கதை, யாருக்கு உறைக்கணும்னு அவங்க பண்ணாங்கன்னு தனியா சொல்லணுமா. அவங்க லாங் பீச்சுல ஆரம்பிச்ச பள்ளியில கத்துக்கிட்ட ப்ரும்சொதுன் ஓக், அகதி குடும்பத்துப் பையன், சினிமாவும் படிச்சவர், 2015ல நாம்பென்னுக்கே போய் தன்பாலீர்ப்பு ஆண்களை வச்சே ஒரு நடனக் குழு ஆரம்பிச்சாரு. கம்போடியாவோட பட்டம்பாங்குல பொறந்து சிகாகோவுல வளந்த அனிதா யோ அலி, சாம்ங்கிற சிறுபான்மை இனத்து முஸ்லிம் குடும்பம், தலைய ஹிஜாப் மாதிரி மூடிக்கிட்டு நூறு மீட்டர் வரைக்கும் நீளுற ஆரஞ்சு கலர் பூச்சியா மாறி நாம்பென் தெருவுல போறாங்க. அது டான்ஸா, சிற்பமா, தையலா, ஃபோட்டோவா? எல்லாம்தான்.

இங்கதான் உங்க கிராண்ட் ஃபாரம் இடிக்குது. "பாரம்பரியக் கலை"ன்னு ஒரு கட்டம், "நவீனக் கலை"ன்னு இன்னொரு கட்டம், ரெண்டுல ஒண்ணு டிக் பண்ணுங்கன்னா இவங்க எதை டிக் பண்ணுவாங்க? முதல் கட்டத்துல போட்டா புதுசா எதுவும் பண்ணக்கூடாது, ரெண்டாவதுல போட்டா "இதுல உங்க கல்ச்சர் எங்க"ன்னு கேப்பீங்க. (நம்ம பரதநாட்டியக்காரங்களுக்கும் இந்த தலைவலி உண்டு.)

இன்னொண்ணு, நீங்க காசு குடுக்கறது ஒரு நாள் ஷோவுக்கு. விரல் பின்னால வளையணும்னா சின்ன வயசுலேருந்து பழகணும், பின்பீட்ங்கிற, இந்த நடனத்துக்கு வாசிக்கிற வாத்தியக் குழுவுக்கு ஆள் வேணும், மேடையேறுறதுக்கு முன்னாடி ஆடுறவங்க உடம்போட சேத்து டிரஸ்ஸ ஊசி நூலால தைக்கணும், அதுக்கு மணிக்கணக்குல உக்கார ஆள் வேணும். அந்த தையல்காரங்க சம்பளமும், குழந்தைங்க வகுப்பு நடக்குற ஹால் வாடகையும் உங்க பட்ஜெட்ல வரணும். அடுத்த வருஷ ஃபாரத்துல அந்த ரெண்டு கட்டத்தையும் எடுத்துட்டு, என்ன பண்றீங்கன்னு அவங்களே எழுதற மாதிரி ஒரு வெத்து இடம் விடுங்க.

இப்படிக்கு,
உங்க ஷோக்கு டிக்கெட் வாங்குற ஒரு தமிழ் ரசிகை